பெரியவீட்டு ஐயாவின் பெயர்

அக்லிமாவுக்கு ஒரு கெட்ட பழக்கம். படத்தை வெட்டி ஒட்டுகிற அறையில் உட்கார்ந்த கொஞ்ச நேரத்தில் கண் சொருகிவிடும். அசதியால் இல்லை. பட்டப்பகலில், பக்கத்தில் சூடாகப் பால்தேநீர் இருக்க, எடுத்துவந்த முகங்களைச் சத்தமில்லாமல் திரையில் ஓடவிட்டு, நாற்காலியில் சாய்ந்து பாதிக் கண்ணால் பார்த்தபடி கிடப்பாள். செத்துப்போனவர்களும் இருக்கிறவர்களும் ஒரே வெளிச்சத்தில் வந்துபோவார்கள். யாராவது கேட்டால், "முழிச்சிருந்தா நான் படத்தைப் பார்க்கிறேன். அரைத்தூக்கத்துல அது என்னைப் பார்க்குது" என்பாள். சொன்னால் சொல்லிவிட்டுப் போகட்டும். பதினோரு ஆவணப்படங்கள் அப்படித்தான் முடிந்தன.

அவள் அப்பா கசாக் புல்வெளி நடுவே ஒரு சின்ன ரயில் நிலையத்தில் கொடி காட்டுகிறவர். அந்தத் தண்டவாளத்தில்தான் ஒருகாலத்தில் அரசாங்கம் நாடுகடத்திய ஆட்களைச் சரக்குப் பெட்டிகளில் அடைத்துக்கொண்டுவந்து, வெறும் வெளியில் இறக்கிவிட்டுப் போனார்கள். கொரியர், ஜெர்மானியர், செச்சன்காரர் என்று எத்தனையோ பேர். அப்படி வந்தவர்கள் வீட்டுப் பிள்ளைகளோடு ஒரே பெஞ்சில் உட்கார்ந்து படித்தவள் அக்லிமா. மதியச் சாப்பாட்டு டப்பாவைத் திறந்தால் நாலு தேசத்து வாசனை வரும். எங்கிருந்து வந்தீர்கள் என்று யார் வீட்டிலும் யாரும் கேட்பதில்லை. அந்தக் கேட்காத கேள்வியைத்தான் அவள் பிறகு ஆயுசு முழுக்கக் கேட்டுக்கொண்டு அலைந்தாள்.

வேலை செய்கிற விதமும் தனி. கேமராவை மேஜைமேல் வைத்துவிட்டு வீட்டுக்காரர்களோடு தேநீர் குடிப்பாள். அவர்கள் கேமராவை மறக்கும்வரை குடிப்பாள். சில வீடுகளில் அதற்கு மூன்று நாள் ஆகும். கடைசியில் செத்தவர்களைப் பற்றி ஒரே ஒரு கேள்வி கேட்பாள்: "அவங்க பேர் என்ன?" படத்தின் முடிவில் பாட்டு, இசை எதுவும் வராது. சம்பவம் நடந்த இடத்திலேயே நின்று அந்தப் பெயர்களை அவளே, தன் குரலில், மெதுவாக வாசிப்பாள். அக்லிமா படம் என்றால் ஜனங்கள் அதைக் கேட்கத்தான் கடைசிவரை உட்கார்ந்திருப்பார்கள்.

ஒலிவாங்கிக் கம்பைப் பிடிப்பது அவள் கணவன் ஒராஸ். ஏரிகளின் நீர்மட்டம் அளக்கும் வேலையிலிருந்து ஓய்வு பெற்றவன். "முப்பது வருஷம் ஏரிக்குள்ள கம்பு விட்டு ஆழம் பார்த்தேன். இப்போ மனுஷங்க வாய்க்கு மேல பிடிக்கிறேன். இதுல ஆழம் பிடிபடமாட்டேங்குது" என்று போகிற இடமெல்லாம் சொல்லிச் சிரிக்கவைப்பான். ஊரெல்லாம் 'ரொட்டி' என்று கூப்பிடுகிற பழைய சாம்பல்நிற வேனையும் அவன்தான் ஓட்டுவான்.

ஒன்பதாவது படத்தில் ஸாதிபெக் என்று ஒருவர் வந்தார். அவர் அப்பா அந்தக் காலத்தில் அக்கம்பக்கத்தார் மேல் அரசாங்கத்துக்கு மொட்டைக் கடிதம் எழுதிப் போட்டவர். அந்த வீட்டில் அக்லிமா நான்கு நாள் தேநீர் குடித்தாள். ஐந்தாம் நாள் அந்த மனிதர் அழுதுகொண்டே எல்லாவற்றையும் கேமரா முன்னால் சொன்னார். படம் வந்ததும் அவருடைய சொந்தத் தங்கை பேச்சை நிறுத்திக்கொண்டாள். அவர் அக்லிமாவைத் தொலைபேசியில் கூப்பிட்டு ஒன்றே ஒன்று கேட்டார்.

"இது உங்க வீட்டுக் கதையா இருந்தா சொல்லியிருப்பீங்களா, அம்மணி?"

"சொல்லியிருப்பேன்" என்றாள் அக்லிமா, ஒரு நொடிகூட யோசிக்காமல். தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தானே தெரியும்.

இனி இன்னொரு சங்கதி. கசாக் வீட்டுக்கு மருமகளாக வந்தவள் கணவன் வழிப் பெரியவர்களின் பெயரை வாயால் சொல்லக்கூடாது. இருப்பவர், இறந்தவர் என்ற கணக்கெல்லாம் கிடையாது. நகரத்து இளசுகள் இப்போது கேலி செய்கிறார்கள். அக்லிமாவும் கேலி செய்தவள்தான். ஆனால் முப்பத்துநாலு வருஷத்துக்கு முன்னால் அவள் கோக்தெரெக் கிராமத்தில் ஒராஸின் வீட்டுக்குள் கால் வைத்த அன்றே, மாமியார் கைஷா அவளை அடுப்பறைக்குக் கூட்டிப்போய், ஒரு பலகையில் மூன்று பெயர்களை மாவுத்தூளில் விரலால் எழுதிக் காட்டி, படித்ததும் அழித்துவிட்டாள். "பார்த்துக்கிட்டியா? இதுல எதுவும் உன் வாயில வரக்கூடாது" என்றாள். சிரிப்பாகத்தான் ஆரம்பித்தது. பிறகு நாக்கு பழகிவிட்டது.

அந்த மூன்றில் ஒன்று ஒராஸின் தாத்தா பெயர், டோக்சான்பாய். டோக்சான் என்றால் தொண்ணூறு. ஆகவே அந்த வீட்டு மருமகள்களுக்குத் தொண்ணூறு என்ற எண்ணே கிடையாது. சந்தையில் கைஷா "எண்பத்தொன்பதுக்கு அடுத்தது" என்று சொல்லி ஆட்டுத்தோல் விலை பேசுவாள். கடைக்காரன் சளைக்காமல், "அப்போ தொண்ணூத்தொண்ணுக்கு முந்தினது, சரியா அக்கா?" என்பான். அந்தத் தாத்தாவை வீட்டுப் பெண்கள் 'பெரியவீட்டு ஐயா' என்பார்கள். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்துமூன்றாம் வருஷத்துப் பஞ்சத்தில், வசந்தம் வருவதற்குள், பசியால் செத்துப்போனவர். அந்த வீட்டில் அவர் ஏறக்குறைய தெய்வம்.

பன்னிரண்டாவது படம் அந்தப் பஞ்சத்தைப் பற்றியது. எங்கெங்கோ அலைந்தவள் கடைசியில் புகுந்த ஊருக்கே வந்தாள். கோக்தெரெக் ஏரிக்கரையில் ஒரு கல் உண்டு. தொண்ணூற்றிரண்டாம் வருஷம் நட்டது, பஞ்சத்தில் செத்தவர்களின் பெயர் செதுக்கியது. அதில் நடந்த கூத்தைக் கேளுங்கள். செதுக்க வந்தவன் வெளியூர்க்காரன். ஆண்களெல்லாம் புல் அறுக்கப் போயிருந்த நாள். ஊர்ப் பெண்கள் கூடி உட்கார்ந்து பெயர்களைச் சொல்லச் சொல்ல, அவன் பயபக்தியோடு எழுதிக்கொண்டான். மருமகள்கள் எப்படிச் சொல்வார்களோ அப்படியே சொன்னார்கள். கல்லிலும் அப்படியே ஏறியது. 'பெரியவீட்டு ஐயா', 'நரைமீசை மாமா', 'குதிரைக்காரப் பெரியவர்'. சாயங்காலம் திரும்பிவந்த ஆண்கள் தலையில் அடித்துக்கொண்டார்கள். கல்லை மாற்ற வழியில்லை. அப்படியே நின்றுவிட்டது.

அதனால் ஒரு வினையும் விளைந்தது. பஞ்சத்தை ஆராய வந்த படிப்பாளிகள் கல்லில் உள்ள பெயர்களை ஆவணக் காப்பகத்தில் தேடினார்கள். பெரியவீட்டு ஐயா என்று எந்தக் காகிதத்திலும் யாரும் இல்லை. தேடியவர்கள் தோளைக் குலுக்கிவிட்டுப் போனார்கள். தேடப் போனவர்களில், மாவுத்தூளில் அந்த நிஜப் பெயரைப் பார்த்திருந்தவள் அக்லிமா மட்டும்தான்.

மாகாணத் தலைநகர் ஆவணக் காப்பகத்தில், மார்ச் மாதத்து மங்கிய வெளிச்சம் ஜன்னலில் கசிந்துகொண்டிருந்த ஒரு முற்பகலில், காகிதக்கட்டு ஒன்றை அவள் பிரித்தாள். அந்தக் காலத்து லத்தீன் எழுத்தில் ஒரு பட்டியல். கோக்தெரெக் ஊரின் நாற்பத்தொரு வீடுகள், ஒவ்வொரு வீட்டிலும் அரசாங்கம் பிடுங்கிக்கொண்டுபோன ஆடு, மாடு, குதிரை. கடைசி ஆடுவரை. மாடு ஆடு போனால் புல்வெளியில் மனிதனுக்கு வேறென்ன இருக்கிறது? அந்தக் குளிர்காலத்தில் ஊரில் பாதி செத்தது. பட்டியலின் அடியில், ஊர்ச் சபைத் தலைவர் என்ற இடத்தில், அழகான உருண்டைக் கையெழுத்து. டோக்சான்பாய்.

அவள் அந்தக் கையெழுத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். அறை முழுதும் பனிமூட்டம் இறங்கியதுபோல் இருந்தது. உறைந்த ஏரிமேல் ஆடுகள் போகின்றன, கழுத்துமணி கேட்கிறது, பின்னால் நாற்பத்தொரு வீட்டார் கதவில் நின்று பார்க்கிறார்கள், யாரும் கத்தவில்லை. எவ்வளவு நேரம் அப்படி இருந்தாளோ, காப்பகத்துப் பெண் வந்து தோளைத் தொட்டு, "அக்கா, தேநீர் இடைவேளை" என்றாள். அக்லிமாவின் கன்னம் நனைந்திருந்தது.

ஊருக்குத் திரும்பும் வழியில் வேனிலேயே ஒராஸிடம் நகலைக் காட்டினாள். அவன் வண்டியை ஓரமாக நிறுத்திப் படித்தான். இரண்டு தடவை படித்தான்.

"அவரும்தானே பட்டினியில செத்தாரு" என்றான் கடைசியில்.

"ஆமா. அதையும் சொல்வேன்."

"அதை மட்டும் சொல்லு."

"ஒராஸ்..."

"நான் சொல்றதைக் கேளு. செத்தவங்க வரிசையில அவரை நானே வாசிக்கிறேன்னு சொல்லியிருந்தேன்ல? உனக்குத்தான் அந்தப் பேரு வாயில வராதே. அப்படியே வெச்சுக்கலாம். கையெழுத்துப் போட்டவரு வரிசைக்கு நீ போகாதே. உனக்கு நல்ல சாக்கு இருக்கு. மருமக பேரு சொல்லமாட்டா. யாரும் ஏன்னு கேக்கமாட்டாங்க."

அந்த 'சாக்கு' என்ற சொல் அவளைச் சுட்டது. அவளே காப்பகத்திலிருந்து கிளம்பும்போது மனசுக்குள் எடுத்துவைத்திருந்த சொல் அது.

"ஸாதிபெக்குக்கு அப்படி ஒரு சாக்கு நான் குடுக்கலியே" என்றாள்.

"அது வேற."

"எப்படி வேற?"

"அவரு என் தாத்தா" என்றான் ஒராஸ். பிறகு வீடு வரும்வரை அவன் வாயைத் திறக்கவில்லை. வீட்டுக்கு வந்த பிறகும் மூன்று நாள் திறக்கவில்லை. வாய் ஓயாத மனிதன் மௌனமாக இருந்தால் வீடே கனத்துப்போகும்.

கைஷாவிடம் மறைப்பது அக்லிமாவுக்குச் சரியாகப் படவில்லை. எண்பத்துநாலு வயதிலும் கைஷா தானே மாவு பிசைகிறவள், தானே மாட்டைத் திட்டுகிறவள். அக்லிமா காகிதத்தைப் பற்றிச் சொன்னாள். மாமியார் அழுவாள், நெஞ்சைப் பிடிப்பாள் என்று எதிர்பார்த்தாள். கைஷாவின் கை ஒரு கணம் நின்றது, அவ்வளவுதான்.

"படத்துல பேரைச் சொல்லப்போறியா?"

"சொல்லாம எப்படி அத்தை? ஊரூராப் போய் மத்தவங்க வீட்டுக் கதவையெல்லாம் தட்டினேன். என் வீட்டுக் கதவை மட்டும் பூட்டிக்கிட்டா அது நியாயமா?"

"நீ நியாயத்தைப் பாரு, நாயத்தைப் பாரு, எதை வேணா பாரு. அந்தப் பேரை மட்டும் சொல்லாதே. சொல்லக்கூடாதுன்னு என் மாமியார் பல்ஜான் அவங்க வாயால எனக்குச் சொன்னது. நான் உனக்குச் சொன்னேன். இந்த வீட்டுல எந்தப் பொம்பளையும் அதைச் சொன்னதில்லே."

"நான் சொன்னா?"

கைஷா மாவைத் திருப்பிப் போட்டு அடித்தாள். "சொன்னா அப்புறம் பார்க்கலாம்" என்றாள்.

அக்லிமா மெல்லவும் முடியாமல் விழுங்கவும் முடியாமல் தவித்தாள். இந்த வீடு அவளை மகளைப்போல் வைத்திருந்த வீடு. அவள் கேமராவோடு நாடு சுற்றியபோது அவள் பிள்ளைகள் இரண்டையும் வளர்த்தவள் கைஷா. ஒரு பெயர், மூன்றே அசை, அதைச் சொன்னால் இந்த வாசல் அடைபடும். சொல்லாவிட்டால் பதினோரு படங்களும் பொய். இதில் எதைத் தூக்கிப்போடுவது?

ஏப்ரலில் ஏரி உடையத் தொடங்கியது. பனிக்கட்டி நகரும்போது ஒரு சத்தம் வரும், யாரோ தூரத்தில் பெட்டியை இழுப்பதுபோல. பெயர் வாசிப்பதைக் கரையில் நண்பகலில் பதிவுசெய்ய அவள் தனியாகக் கிளம்பினாள். கேமராவை முக்காலியில் நிறுத்திவிட்டு நிமிர்ந்தால், ஒராஸ் கம்போடு வந்து நிற்கிறான். காதில் கருவியை மாட்டியிருந்தான்.

நாற்பத்தொரு வீட்டார் பெயரையும் வாசித்தாள். எங்கும் வெள்ளை, ஏரியா வானமா என்று பிரிக்க முடியாத வெள்ளை. அந்த வெள்ளைக்குள் பெயர்கள் ஒவ்வொன்றாக நடந்து போயின. கடைசியில், "பட்டியலில் கையெழுத்திட்டவர்..." என்றாள். வாய் திறந்தே இருந்தது. நாக்கு அசையவில்லை. இரண்டாம் தடவை. மூன்றாம் தடவை. முப்பத்துநாலு வருஷமாகப் பூட்டியிருந்த கதவு, சாவி கையில் இருந்தும் திறக்கவில்லை.

"மூச்சு மட்டும்தான் பதிவாகுது" என்றான் ஒராஸ்.

"நீ சொல்லேன். உனக்கு வரும்ல."

அவன் கம்பைத் தாழ்த்தினான். "பேசாம இருந்த அந்த மூணு நாளும் நான் அதைத்தான் யோசிச்சேன். நான் சொன்னா பேரன் சொன்னதா ஆயிடும். தாத்தாவைப் பேரன் கூப்பிட்டா அதுல கொஞ்சம் செல்லம் வந்துடும், அக்லிமா. நான் எவ்வளவு அடக்கினாலும் வந்துடும். அந்த நாப்பத்தொரு வீட்டுக்கும் அது துரோகம்." பிறகு கம்பை உயர்த்திச் சரியாகப் பிடித்தான். "நீயே சொல்லு. நான் பிடிச்சிருக்கேன்."

அவள் கண்ணை மூடிக்கொண்டாள். படம் வெட்டும் அறையில் மூடுவதுபோல, பாதி. ஆடுகளின் மணிச் சத்தம் எங்கோ கேட்டது. சொன்னாள். சொன்ன கணத்தில், வெள்ளைக்குள் யாரோ திரும்பிப் பார்த்ததுபோல் அவளுக்குத் தோன்றியது. முகம் தெரியவில்லை. அப்படியே ஈர மணலில் உட்கார்ந்துவிட்டாள்.

மே மாதம் ஊர் மன்றத்தில் படத்தைப் போட்டார்கள். ஜன்னல்களைக் கம்பளத்தால் மூடியிருந்தார்கள். கிழிசல் வழியே வந்த வெயிலில் தூசி மிதந்தது. வெளியே ஏழு ரொட்டி எண்ணெயில் பொரித்து, செத்தவர்களுக்கு வாசனை போய்ச் சேரட்டும் என்று கதவைத் திறந்து வைத்திருந்தார்கள். ஊரே வந்திருந்தது. முன்வரிசையில் கைஷா, வெள்ளைத் தலைத்துணியோடு, கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

நாற்பத்தொரு பெயர்கள் வந்தன. ஏழாவதாக எசென்கெல்டி என்ற பெயர் வந்தபோது கைஷா லேசாக அசைந்தாள். அக்லிமா அதைக் கவனித்தாள், காரணம் தெரியவில்லை. பிறகு அந்த இடம் வந்தது. "பட்டியலில் கையெழுத்திட்டவர், டோக்சான்பாய்." ஒலிபெருக்கியில் ஒரு மருமகளின் குரல். அடுத்த வரியில் அவர் பட்டினியால் இறந்த தேதியும் வந்தது. அதை யாரும் கேட்டிருக்கமாட்டார்கள். பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு முனகல் எழுந்தது. ஒரு கிழவர், "வீடு வாழ வந்த மருமகளா இவ?" என்றார் சத்தமாகவே. படம் முடிந்து விளக்கைப் போட்டார்கள். யாரும் எழுந்திருக்கவில்லை. எல்லோருடைய கண்ணும் கைஷாமேல் இருந்தது.

கைஷா எழுந்தாள். என்ன சொன்னாலும் பதில் பேசக்கூடாது, வாங்கிக்கொள்ள வேண்டும் என்று அக்லிமா நினைத்துக்கொண்டாள். ஒராஸ் வந்து அவள் பக்கத்தில் நின்றான்.

"இன்னொரு தடவை போடு" என்றாள் கைஷா.

"எதை அத்தை?"

"அந்தப் பேரு வர்ற இடத்தை."

யாருக்கும் ஒன்றும் புரியவில்லை. கைஷா ஊரைப் பார்த்துத் திரும்பினாள்.

"ஏழாவதா ஒரு பேரு வாசிச்சாளே, எசென்கெல்டி. அது யாருன்னு உங்கள்ல ஒருத்தருக்கும் தெரியாது. தெரிஞ்சவங்க எல்லாரும் செத்துட்டாங்க. அவரு என் மாமியார் பல்ஜானோட அப்பா. சொந்த மாமனார் வீட்டு ஆட்டைத்தான் கையெழுத்துப் போட்ட இவரு எழுதி வாங்கிட்டுப் போனாரு. பல்ஜானோட தம்பிங்க நாலு பேரும் அந்தக் குளிர்ல போனாங்க." அவள் குரல் ஏறவும் இல்லை இறங்கவும் இல்லை. "பல்ஜான் சாகறவரை புருஷன் பேரைச் சொல்லலே. என்ன மரியாதை, என்ன அடக்கம்னு ஊரே மெச்சுச்சு. நான் வந்ததும் எனக்கும் சொன்னாங்க. இவரை எந்தப் பொம்பளையும் கூப்பிடக்கூடாது கைஷா, கூப்பிட ஆளில்லாம, போய்ச் சேராம கிடக்கட்டும்னு. அது மரியாதை இல்லே. தண்டனை. அறுபத்தாறு வருஷமா நான் அதுக்குக் காவல் இருந்தேன். இந்தப் பொண்ணுக்கும் குடுத்துட்டுப் போகப் பார்த்தேன்."

ஒராஸ் சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றுகொண்டான்.

"இப்போ செஞ்சது என்னன்னு ஊருக்கே தெரிஞ்சுபோச்சு. இனி எதுக்குக் காவல்?" என்றாள் கைஷா. "போடுன்னா போடேன் மருமகளே, எவ்வளவு நேரம் நிக்கிறது?"

விளக்கை அணைத்தார்கள். திரையில் மறுபடி அந்த வெள்ளை வந்தது. ஏரியும் வானமும் ஒன்றாகக் கிடந்தன. "பட்டியலில் கையெழுத்திட்டவர்..." என்று அக்லிமாவின் குரல் தொடங்கியபோது, கைஷா முன்னால் ஒரு அடி நகர்ந்து, உதட்டை ஈரப்படுத்திக்கொண்டாள். அவளுக்கும் முதல் தடவை வரவில்லை. படத்தை நிறுத்திக் காத்திருந்தார்கள்.

"டோக்சான்பாய்" என்றாள் கைஷா. பழக்கமில்லாத வாய், பெயர் கொஞ்சம் உடைந்துதான் வந்தது. பிறகு, திரையைப் பார்த்து, விடைபெற்று வாசல்வரை வந்தும் தயங்குகிற விருந்தாளிக்குச் சொல்வதுபோல, "போய்ச் சேருங்க" என்றாள்.